பட வசனப் பகிடிக்குள் நுழைவது எப்படி? திருகோணமலை ரசிகர்களுக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

ரசிகர் குழு ஒன்றில் புதிதாகச் சேர்ந்து, எல்லோரும் எதற்குச் சிரிக்கிறார்கள் என்று விளங்காமல் ஸ்டிக்கர்களைப் பார்த்துக்கொண்டே இருக்கிற ஆளுக்காக இதை எழுதுகிறேன். கனடாவிலோ சுவிஸிலோ பிறந்து ஆகஸ்ட் விடுமுறைக்கு உப்புவெளி அம்மம்மா வீட்டுக்கு வந்து நிற்கிற பிள்ளையாக இருக்கலாம். முழுப்படம் பார்க்காமல் துண்டு வீடியோவிலேயே வளர்ந்த தம்பியாக இருக்கலாம். மாற்றலாகி எங்கள் ஊருக்கு வந்து, ஆசிரியர் அறையில் ஓடுகிற பகிடியைப் பிடிக்க முடியாமல் இருக்கிற ரீச்சராகவும் இருக்கலாம். ரசிகர்களுக்குள் ஓடுகிற பகிடி, வெளியில் இருந்து பார்த்தால் யாரோ எப்போதோ சொன்ன வசனம்தான். ஆனால் சரியான நேரத்தில் அந்த வசனம் விழும்போது "நீயும் இதைப் பார்த்திருக்கிறாய், நீயும் எங்கட ஆள்" என்று ஒரு சொல்லும் சொல்லாமல் சொல்லிவிடுகிறது. அதனால் பகிடியை ஆள் சேர்க்கத்தான் வைத்திருக்க வேண்டும் என்று நினைக்கிறவன் நான், கீழே உள்ள படிகள் எல்லாம் அந்த நினைப்பில் இருந்து வந்தவைதான்.

முதல் படி: மூலக் காட்சியை முழுதாகப் பாருங்கள்

பத்து செக்கன் துண்டைப் பார்த்துவிட்டுப் பகிடி விட வெளிக்கிடாதீர்கள். வசனம் எங்கே முளைத்தது என்று தெரியாமல் அதைச் சரியான இடத்தில் போட முடியாது. நூற்றுக்கணக்கான காட்சிகள் இருக்கின்றன, எல்லாவற்றையும் ஒரேயடியாகப் பார்க்கத் தேவையில்லை. அடித்தளம் போட கீழே சொல்கிறவை போதும்.

1984இல் வந்த வைதேகி காத்திருந்தாள் படத்தில் கவுண்டமணி வாடகைக்கு விளக்குக் கொடுக்கிற ஆள். "பெட்ரோமாக்ஸ் லைட்டேதான் வேணுமா?" என்ற கேள்வி அங்கே பிறந்தது. கேட்ட சாமானைத் தர முடியாத நிலையில் கடைக்காரர் வேறொன்றைத் தலையில் கட்டப் பார்க்கும்போதெல்லாம் இந்த வசனம் எழும்பி வரும். 1989இல் கரகாட்டக்காரன். இரண்டு வாழைப்பழம் வாங்கிவரக் காசு கொடுத்தால் ஒன்று மட்டும் வந்து சேர்கிறது, மற்றது எங்கே என்று கவுண்டமணி கேட்கக் கேட்க செந்தில் "அதுதாண்ணே இது" என்று அந்த ஒன்றையே காட்டிக்கொண்டு நிற்கிறார். கணக்குக் கேட்கிறவனும் கணக்குக் கொடுக்க வேண்டியவனும் இருக்கிற எந்த இடத்திலும் இது பொருந்தும். அதனால்தான் இத்தனை வருடம் கழிந்தும் கோயில் திருவிழாக் கணக்கு வாசிக்கிற கூட்டத்தில்கூடப் பின்வரிசையில் இருந்து யாராவது இதை முணுமுணுப்பார்கள்.

அடுத்து வடிவேலு. இங்கே கொஞ்சம் நிற்க வேண்டும், ஏனென்றால் இன்றைக்கு ஓடுகிற பகிடியில் பெரும்பங்கு இவருடையது. 2001இல் வந்த ஃப்ரெண்ட்ஸ் படத்தில் ஜமீன் பங்களாவுக்குப் பெயிண்ட் அடிக்க வருகிற காண்ட்ராக்டர் நேசமணி. "தேவையில்லாத ஆணி" என்ற வசனம் அங்கேதான் இருக்கிறது, அவருடைய தலையில் விழுகிற சுத்தியலும் அங்கேதான். 2003இல் வின்னர் படத்தில் கைப்புள்ள, வருத்தப்படாத வாலிபர் சங்கம், பேச்சு பேச்சாக இருக்கணும் என்று நிலத்தில் போடுகிற கோடு. 2006இல் தலைநகரம் படத்தில் நாய் சேகர், யாரும் கூப்பிடாமலே பொலிஸ் ஜீப்பில் ஏறி "நானும் ரவுடிதான்" என்று கத்துகிறவர். 2008இல் கண்ணும் கண்ணும் படத்தில் கிணறு வெட்டின ரசீதைக் கையில் வைத்துக்கொண்டு "கிணத்தைக் காணோம்" என்று பொலிஸில் முறைப்பாடு கொடுக்கிற ஆள். இந்த வசனங்கள் எவ்வளவு தூரம் போயின என்றால், வருத்தப்படாத வாலிபர் சங்கம் 2013இலும் நானும் ரவுடிதான் 2015இலும் வேறு நடிகர்களின் படங்களுக்குப் பெயர்களாகவே ஆகிவிட்டன.

பார்க்கும்போது சிரித்து முடித்துவிட்டு அடுத்ததுக்குப் போகாதீர்கள். ஒவ்வொரு காட்சிக்கும் "இதில் யாருக்கு என்ன சிக்கல்?" என்று ஒரு வரி எழுதி வையுங்கள். கிணறு என்றால்: கடதாசியில் இருக்கிறது, நிலத்தில் இல்லை. நாய் சேகர் என்றால்: யாரும் கணக்கில் எடுக்காத ஆள், தன்னையும் சேர்க்கச் சொல்லிக் கேட்கிறார். கைப்புள்ள என்றால்: அடி வாங்கினது உடம்பில் தெரிகிறது, வாய் மட்டும் வென்ற கதை சொல்கிறது. இந்த ஒரு வரிதான் பகிடியின் முள். வசனம் மறந்தாலும் பரவாயில்லை, இதை மறக்க வேண்டாம். படம் வெட்டி மீம் செய்கிற கெட்டிக்காரர்கள் எல்லோரும் இதைத்தான் மனசுக்குள் செய்கிறார்கள்.

இரண்டாம் படி: எங்கள் சொந்தக் கையிருப்பையும் எடுங்கள்

இதைப் பலர் விட்டுவிடுகிறார்கள், எனக்கு அதில் உண்மையாகவே கவலை இருக்கிறது. சென்னையில் இருந்து வந்த பகிடி மட்டும்தான் எங்களிடம் இருக்கிறது என்று இளம் பிள்ளைகள் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். அவர்களுடைய தாத்தாக்களுக்கு இலங்கை வானொலி இருந்தது. கோமாளிகளின் கும்மாளம் என்ற தொடர் போகிற நேரம் ஊரே வானொலிக்குப் பக்கத்தில் இருந்தது. எஸ். ராமதாஸ் மரைக்கார், ரி. ராஜகோபால் அப்புக்குட்டி, எஸ். செல்வசேகரன் உபாலி, பி.எச். அப்துல் ஹமீத் ஐயர். நாலு பேரும் நாலு விதமான தமிழ் கதைப்பார்கள், யாழ்ப்பாணத்துத் தமிழ், முஸ்லிம்களுடைய தமிழ், சிங்களவர் பேசுகிற தமிழ், ஐயர் தமிழ் என்று. அது 1976இல் கோமாளிகள் என்று படமாகவும் வந்தது. கே.எஸ். பாலச்சந்திரனின் அண்ணை றைற் தனிநடிப்பு இன்னொன்று, ஒரு பஸ் கொண்டக்டரும் அவருடைய சனமும் ஒரே ஆளின் குரலில் வருகிற நிகழ்ச்சி. இன்றைக்கும் பஸ் வெளிக்கிடும்போது "அண்ணை றைற்" என்று ஒருவர் சொன்னால், ஐம்பது வயதுக்கு மேற்பட்ட யாராவது திரும்பிப் பார்த்துச் சிரிப்பார்கள். செய்து பாருங்கள்.

ஆகவே இரண்டாம் படியில் நீங்கள் செய்ய வேண்டியது, வீட்டில் இருக்கிற மூத்த ஆளிடம் போய் இருந்து கேட்பது. "தாத்தா, அந்தக் காலத்தில நீங்கள் கூட்டாளிமாரோட என்ன சொல்லிச் சிரிப்பியள்?" என்று நேராகவே கேட்கலாம். முதலில் ஒன்றும் ஞாபகம் இல்லை என்பார்கள். மரைக்கார், அப்புக்குட்டி என்ற பெயர்களைச் சொல்லிப் பாருங்கள், பிறகு நிற்பாட்டுவதுதான் கஷ்டமாக இருக்கும்.

மூன்றாம் படி: திருகோணமலைக்கு இறக்குவது

சரி, வசனமும் தெரியும், அதன் முள்ளும் தெரியும். இனி அதை எங்கள் ஊர் மண்ணில் வைக்க வேண்டும். இந்த வழிகாட்டியில் நான் அதிகம் ஆசைப்பட்டு எழுதுகிற பகுதி இதுதான், ஏனென்றால் சும்மா வசனத்தைத் திருப்பிச் சொல்கிற குழுவுக்கும் சொந்தமாகப் பகிடி வைத்திருக்கிற குழுவுக்கும் உள்ள வித்தியாசம் இங்கேதான் வருகிறது.

கன்னியாவை எடுங்கள். வெந்நீர்க் கிணறு ஏழு, ஒவ்வொன்றிலும் ஒவ்வொரு அளவு சூடு. வெளியூரில் இருந்து வந்த சொந்தக்காரரைக் கூட்டிக்கொண்டு போகிறீர்கள். அவர் வாளியோடு ஒவ்வொன்றாகக் குளித்துக்கொண்டு வந்து, எண்ணிக்கை பிழைத்து, "ஆறுதானே இருக்கு, மற்றது எங்க?" என்கிறார். இங்கே இரண்டு பகிடிகள் ஒரே இடத்தில் வந்து சந்திக்கின்றன. ஒருவன் "அதுதாண்ணே இது" என்று பக்கத்துக் கிணற்றைக் காட்டலாம், இன்னொருவன் "கிணத்தைக் காணோம்" என்று பொலிஸுக்குப் போன் எடுக்கிற மாதிரி நடிக்கலாம். இரண்டையும் தெரிந்த ஆள் அந்த நேரம் பக்கத்தில் நின்றால் அன்றைய பயணம் முழுக்க அதே பகிடிதான் ஓடும். பிறகு அந்தக் குழுவில் யாருடைய சாமான் காணாமல் போனாலும், "கன்னியாவில தேடிப் பாத்தியா?" என்று கேட்டாலே போதும். படத்தின் வசனம் அதற்குள் ஒன்றுமே இல்லை, ஆனாலும் எல்லோருக்கும் விளங்கும். அந்த இடத்துக்கு வந்துவிட்டால் உங்கள் குழுவுக்குச் சொந்தப் பகிடி பிறந்துவிட்டது என்று அர்த்தம்.

கோட்டை வாசலில் மான்கள். பிரட்ரிக் கோட்டைக்குள்ளால் கோணேசர் கோயிலுக்கு நடக்கிற எவருக்கும் தெரியும், கையில் சாப்பாட்டுப் பையோடு போனால் மான் பின்னால் வரும். பையில் தலையைப் போட்டு வடையை இழுத்துவிட்டால் "வட போச்சே" என்று வடிவேலுவின் குரலில் சொல்ல அதைவிட நல்ல இடம் உலகத்தில் இல்லை. கொழும்புக்குப் போகிற இரவு ரயிலில் இருக்கை பதியாமல் ஏறி, பதிந்தவர்களுக்கு நடுவில் இடுங்கிக்கொண்டு இருக்கிறவன் "நானும் ரிசர்வேஷன்தான்" என்றால் நாய் சேகர் அங்கே நிற்கிறார்.

ஒரு நுட்பம் மட்டும். படத்தின் வசனத்தை எங்கள் பேச்சுக்கு மாற்றாதீர்கள். வாழைப்பழக் காட்சியின் "இன்னொண்ணு எங்க" என்பது அப்படியேதான் இருக்க வேண்டும், "மற்றது எங்கையடா" என்று மாற்றினால் காது அதைப் பிடிக்காது, பகிடி விழுந்துவிடும். அதைச் சுற்றி வருகிற பேச்சு மட்டும் எங்களுடையதாக இருக்கட்டும். "மச்சான், நேற்றுத் தந்த காசில மிச்சம் எங்கையடாப்பா?" என்று ஒருவன் கேட்க, மற்றவன் "அதுதாண்ணே இது" என்று கொத்துரொட்டிப் பார்சலைத் தூக்கிக் காட்ட வேண்டும். ரெண்டு ஊர்த் தமிழும் ஒரே மூச்சில் உரசுகிற அந்த இடத்தில்தான் சிரிப்பு வரும்.

நாலாம் படி: நேரம், அளவு

குறைவாகப் போடுங்கள். ஒரு பகிடிக்கு ஒரு பதில், அதிகம் போனால் அந்தப் பதிலுக்கு மேல் இன்னொன்று. ஒருவர் நல்லதாக ஒன்று போட்டவுடன் பின்னால் பத்து ஸ்டிக்கரைக் கொட்டினால் முதல் போட்டவரின் கெட்டித்தனம் அடியில் போய்விடும். எழுத்தில் போடுவதா, ஸ்டிக்கரா, குரல் பதிவா என்பதும் முக்கியம். குரலைப் போல நடிக்க வராவிட்டால் எழுத்தில் போடுங்கள், வாசிக்கிறவர் தன் மனசுக்குள் கவுண்டமணியின் குரலைத் தானே போட்டுக்கொள்வார். முகபாவம்தான் சிரிப்பு என்றால் ஸ்டிக்கர். குரல் பதிவை நல்லாக நடிக்கத் தெரிந்த ஒரு ஆளுக்கு விட்டுவிடுங்கள், ஒவ்வொரு குழுவிலும் ஒரு ஆள் இருப்பார்.

விளக்கம் சொல்லாதீர்கள், பொதுவில். போட்டது விழவில்லை என்றால் விட்டுவிடுங்கள்.

ஐந்தாம் படி: எங்கே வாயை மூட வேண்டும்

எங்கள் குழுக்களில் எல்லாரும் இருக்கிறார்கள். மூதூரில் இருந்தும் கிண்ணியாவில் இருந்தும் கூட்டாளிமார், சிங்களக் கூட்டாளிமார், வெளிநாட்டில் இருக்கிறவர்கள், காலையில் பூப் படத்தோடு வணக்கம் போடுகிற பெரியம்மா. மரண அறிவித்தலும் அதே குழுவில்தான் வரும். அறிவித்தல் வந்தால் அன்றைக்குப் பகிடியை நிற்பாட்டுங்கள், யாரும் சொல்லாமலே.

கடல், தோணி, பாதை (ஆட்களை அக்கரைக்கு ஏற்றிப் போகிற மிதவை) கவிழ்கிற காட்சிகளைப் பகிடியாக எடுக்காதீர்கள். படத்தில் அது சிரிப்பாக இருக்கலாம். 2004 சுனாமி எங்கள் கரையில் அடித்தது, 2021 நவம்பரில் குறிஞ்சாக்கேணியில் பாதை கவிழ்ந்து பள்ளிக்கூடத்துக்குப் போன பிள்ளைகள் இறந்தார்கள். உங்கள் குழுவில் யார் யாரை இழந்தவர் என்று உங்களுக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை.

இன்னொன்று, பழைய நகைச்சுவையில் நிறம், பல், மொட்டை, உடம்புப் பருமன் என்று ஆளைத் தாக்குகிற வசனங்கள் ஏராளம். திரையில் இரண்டு நடிகர்களுக்குள் அது ஒரு விளையாட்டு, வாங்குகிறவரும் சேர்ந்துதான் சிரிக்க வைத்தார். அதே வசனத்தைக் குழுவில் ஒரு பிள்ளையின் படத்துக்குக் கீழே போட்டால் அது பகிடி இல்லை, தாக்குதல். நான் அவற்றைப் பாவிப்பதில்லை, நீங்களும் விட்டுவிடுங்கள், கவுண்டமணியிடம் எடுக்க அதைவிட நல்லவை நிறைய இருக்கின்றன. பேச்சு வழக்கைப் பகிடி பண்ணுவதும் இதே மாதிரிதான். கோமாளிகள் ஏன் எல்லாருக்கும் பிடித்தது என்றால் நாலு வழக்கும் ஒன்றையொன்று சமமாகக் கிண்டியது. ஒரு வழக்கை மட்டும் எடுத்து, அந்த வழக்குப் பேசுகிறவர் இல்லாத இடத்தில் சிரிப்பது வேறு விஷயம்.

ஆறாம் படி: புது ஆளை உள்ளே எடுப்பது

ஒரு ஆள் "இது என்ன?" என்று கேட்டால் "இதுகூடத் தெரியாதா" என்று கேட்காதீர்கள். அவருக்குத் தனியாகக் காட்சியை அனுப்புங்கள், படப்பெயரும் ஆண்டும் சேர்த்து. ரெண்டு நாள் கழித்து அவருக்கு வசதியான ஒரு இடம் பார்த்து, அவர் பதில் போடக்கூடிய மாதிரி ஒரு பந்தைத் தூக்கிப் போடுங்கள். அவர் அடித்துவிட்டால் அன்றைக்கே அவர் குழு ஆள்தான்.

இதில் எனக்கு எப்போதும் ஞாபகம் வருவது 2019 மே மாதக் கடைசி. பாகிஸ்தானைச் சேர்ந்த ஒரு பொறியியல் பேஸ்புக் பக்கத்தில் சுத்தியல் படத்தைப் போட்டு, உங்கள் நாட்டில் இதற்கு என்ன பெயர் என்று கேட்டார்கள். ஒரு தமிழ் ரசிகர் பெயரைச் சொல்லிவிட்டு, பெயிண்டிங் காண்ட்ராக்டர் நேசமணியின் தலையில் ஜமீன் பங்களாவில் இது விழுந்த கதையை உண்மைச் செய்தி மாதிரியே எழுதினார். இன்னொருவர் நேசமணி இப்போது நலமா என்று விசாரிக்க, தமிழர்கள் உலகம் முழுக்க அவருக்காகப் பிரார்த்திக்கத் தொடங்கினார்கள். இந்தியாவில் புது அரசு பதவியேற்கிற அதே நாட்களில் டுவிட்டரில் ஒரு பதினெட்டு வருடப் பழைய படத்தின் காண்ட்ராக்டர்தான் மேலே நின்றார். அதில் கவனிக்க வேண்டியது, விளையாடினவர்கள் "இது படம்" என்று இடையில் புகுந்து கெடுக்கவில்லை. ஆஸ்பத்திரி நிலவரம் சொன்னவர் சொன்னார், படத்தில் சுத்தியலைத் தவறவிட்ட கிருஷ்ணமூர்த்தியைக் கைது செய்யக் கேட்டவர் கேட்டார், எல்லோரும் முகத்தை நேராக வைத்துக்கொண்டே விளையாடினார்கள். விசாரித்த ஆளை யாரும் மட்டம் தட்டவும் இல்லை, அவருடைய அக்கறைதான் பகிடியின் எண்ணெய். வெளியாட்களின் பக்கத்தில் வந்த அந்தச் சுத்தியல் கேள்வி இல்லாவிட்டால் அந்தப் பகிடியே பிறந்திருக்காது.

ஏழாம் படி: சொந்தமாக ஒன்று உருவாக்குவது

திட்டம் போட்டு உருவாக்க முடியாது. ஆனால் வருகிற இடத்தில் நிற்கலாம். ஒன்றாகப் பாருங்கள், அதுதான் வழி. திரையரங்கில் முதல் நாள் காட்சி, ஒருவர் வீட்டு விறாந்தையில் பழைய படம், பாட்டுக்குப் பாட்டு விளையாட்டு, மெகா தொடரில் அதே மாமியாரை மூன்று பக்கத்தாலும் காட்டுகிற நேரம், எதுவானாலும் சரி. யாராவது தற்செயலாக ஒன்று சொல்லி எல்லோரும் சிரித்தால் அதைப் பிடித்து அடுத்த நாளே திருப்பிச் சொல்லாதீர்கள். சொன்னவரைத் தவிர வேறொருவர் தானாக அதை எடுத்து வேறு இடத்தில் போடும் வரை காத்திருங்கள். அப்படி வந்தால் அது நிற்கும். வராவிட்டால் அது அன்றைய இரவோடு போகட்டும்.

எட்டாம் படி: எழுதி வைப்பது

குழுவுக்கு ஒரு பொதுக் குறிப்பைத் திறந்து, வசனம், படம் அல்லது நிகழ்ச்சி, ஆண்டு, எங்கள் ஊரில் அது எந்தச் சம்பவத்தில் ஒட்டிக்கொண்டது, முதலில் போட்டது யார் என்று எழுதுங்கள். புதிதாக வருகிறவருக்கு இதைவிட நல்ல வரவேற்பு இல்லை. வானொலிக் காலத்துக் கசட் வீட்டில் கிடந்தால் அதையும் இதோடு சேர்த்துப் பாருங்கள். எங்கள் கடற்காற்றுக்கு நாடா பூஞ்சணம் பிடித்திருக்கலாம், வெள்ளையாகத் தெரிந்தால் பிளேயரில் போடாமல் தெரிந்த ஆளிடம் கொடுங்கள். தெளிவாக இருந்தால் முதலில் ஒருதரம் கடைசி வரை ஓட்டித் திரும்பச் சுற்றிவிட்டு, பிளேயரின் ஹெட்டை ஸ்பிரிட் தொட்ட பஞ்சால் துடைத்து, அதன் பிறகு கணினியில் பதியுங்கள். கோப்புக்குப் பெயர் வைக்கும்போது நிகழ்ச்சியின் பெயரும், யார் வீட்டுக் கசட் என்பதும் கட்டாயம் இருக்கட்டும்.